ஆற்றுக்கு வாய்தா

பிரேசில் நாட்டில், அமேசான் காட்டின் நடுவே, எவரால்டோ என்ற எறும்புத்தின்னி வக்கீல் தொழில் பார்த்து வந்தது.

அதற்கு ஒன்றரை முழ நீளத்தில் நாக்கு இருந்தது. முன்னங்கால்களில் பெரிய பெரிய நகங்களும் இருந்தன. நடக்கும்போது நகங்களை உள்ளே மடக்கிக்கொள்ளும். நாக்கை மட்டும் அது மடக்கி யாரும் பார்த்ததில்லை.

காட்டின் நீதிபதி ஸ்லாத். கிளையில் தலைகீழாகத் தொங்கியபடி நாளெல்லாம் தூங்கும் பிராணி அது. அதற்கு ரொம்பப் பிடித்த சொல் வாய்தா. வழக்கை இன்னொரு நாளைக்குத் தள்ளிவைத்துவிட்டால் அதுவரை தூங்கலாம் அல்லவா? எவரால்டோ இதை நன்றாகப் புரிந்துவைத்திருந்தது.

ஒருநாள் ஜூகா என்ற குரங்கு கிளையிலிருந்து தவறி ஆற்றில் விழுந்தது. விழுந்த இடம் அனகோண்டா பாம்பின் துறை. ஜூகா எப்படியோ கரையேறித் தப்பிவிட்டது. பாம்பு நேராக நீதிமன்றத்துக்குப் போயிற்று.

"என் துறையில விழுந்தது என் சாப்பாடு. அதை என்கிட்ட ஒப்படைக்கச் சொல்லுங்க ஐயா," என்றது.

ஜூகாவின் வக்கீலாக வந்த எவரால்டோ தொண்டையைச் செருமிக்கொண்டது. "விழுந்ததைப் பார்த்த சாட்சி ஒரு கொக்கு. அது மீன் பிடிக்கப் போயிருக்கு. வாய்தா வேணும் ஐயா."

"கொடுத்தாச்சு," என்று சொல்லிவிட்டு நீதிபதி தூங்கிப்போனது.

வழக்கு முடியும்வரை குரங்கைப் பாம்பு தொடக் கூடாது என்பது காட்டுச் சட்டம். அடுத்த முறை கொக்கு வந்தது. ஆனால் ஒடிந்த கிளை வரவில்லை. "கிளை ஒடிஞ்சுதா, குரங்கு கை நழுவுச்சான்னு தெரியணும். கிளை ஆத்தோட போயிருக்கு. அது கிடைக்கிற வரைக்கும் வாய்தா," என்றது எவரால்டோ.

இப்படியே பதினான்கு வாய்தா ஆயிற்று. பதினைந்தாம் தடவை பாம்பு வாலால் தரையில் அடித்தது. "எனக்கு நியாயமும் வேணாம், குரங்கும் வேணாம்! ரெண்டு மீன் கிடைச்சாப் போதும்!" என்று கத்திவிட்டு வேறு துறைக்குப் போய்விட்டது.

எவரால்டோவின் புகழ் காடெங்கும் பரவியது. அந்த வருஷமே தலைவர் தேர்தல் வந்தது. ஜூகா மரத்துக்கு மரம் தாவி ஓட்டுக் கேட்டது. "என் உசிரைக் காப்பாத்தின நாக்குக்கு ஓட்டுப் போடுங்க!" எதிர்த்து நின்றவர்கள் எல்லோரும் மண்ணைக் கவ்வினார்கள். எவரால்டோ மாலை போட்டுக்கொண்டு, ஒரு பெரிய புற்றின்மேல் ஏறி உட்கார்ந்தது. தலைவர் எங்கே உட்கார்ந்தாலும் அங்கே தின்ன ஏதாவது இருக்க வேண்டும் என்பது அதன் கொள்கை.

மறுநாள் காலையில் ஜூரேமா என்ற ஆமை மூச்சு வாங்க வந்து சேர்ந்தது. மணல் திட்டிலிருந்து அங்கே வருவதற்கு அதற்கு ஒன்றரை நாள் ஆகியிருந்தது.

"தலைவரே, திட்டு மணல்ல என் முட்டை அறுபத்திரண்டு இருக்கு. ஆத்துத் தண்ணி கலங்கிருச்சு, மேல மழை பெய்யுது. போன வருஷம் வெள்ளத்துல ஒரு முட்டைகூட மிஞ்சல. எனக்குப் புதைக்கத் தெரியும், தூக்கத் தெரியாது. யாரையாவது விட்டு மேட்டுல கொண்டுபோய் வைக்கச் சொல்லுங்க."

எவரால்டோவுக்கு உண்மையாகவே பாவமாக இருந்தது. ஆனால் வாய் தன் பழக்கத்தை விடவில்லை.

"மேட்டுல இடம் அளக்கணும்மா. புதன்கிழமைக்கு வாய்தா."

ஆமை போயிற்று. புதன்கிழமை திரும்பி வந்தது. அதற்குள் திட்டில் பாதியைத் தண்ணீர் விழுங்கியிருந்தது.

"மேல மழை பெய்யுதுன்னு சொல்றீங்களே, அதுக்கு யாரும்மா சாட்சி?" என்று கேட்டது எவரால்டோ.

"மேகம்தான் தலைவரே."

"அப்போ மேகத்தை நேர்ல வரச் சொல்லுங்க. சனிக்கிழமைக்கு வாய்தா."

சனிக்கிழமை ஜூரேமா தலைவரிடம் போகவில்லை. முட்டைகளை விட்டு நகர அதற்கு மனம் வரவில்லை. ஜூகாவைத்தான் அனுப்பியது. ஜூகா புற்றின் முன்னால் வந்து நின்று, விரலை மேலே காட்டியது.

"சாட்சி வந்திருக்குங்க."

காடே இருண்டு கிடந்தது. இடி இடித்தது. தலைவரின் மாலையை மழை பிய்த்துப் போட்டது.

எவரால்டோ ஆற்றுக்கு ஓடியது. நுரையும் சருகுமாகத் தண்ணீர் ஏறி வந்துகொண்டிருந்தது. அது பதற்றத்தில் நிமிர்ந்து நின்று, "எதிர்த்தரப்பு கவனிக்கணும்! இந்த வெள்ளத்தை அடுத்த வெள்ளிக்கிழமைக்கு ஒத்திவைக்கிறேன்!" என்றது.

ஆறு அதன் முழங்கால்வரை ஏறியது.

"பாம்புக்கு அலுத்துப்போச்சு, தலைவரே. ஆத்துக்கு அலுக்காது," என்றது ஜூரேமா. கோபமாகக்கூடச் சொல்லவில்லை. தண்ணீருக்கும் முட்டைக்கும் நடுவே தன் முதுகோட்டை வைத்துப் படுத்திருந்தது.

எவரால்டோ வெட்கப்பட்டது. நாக்கை உள்ளே இழுத்துக்கொண்டது. இத்தனை நாள் மடக்கியே வைத்திருந்த நகங்களை விரித்து மணலைத் தோண்டியது.

"ஜூகா, உன் ஆளுங்களைக் கூப்பிடு. எல்லாரும் மேட்டுக்கு வரிசையா நில்லுங்க."

"புரட்டாம எடுங்க, மேல்பக்கம் மேலயே இருக்கட்டும்," என்று ஜூரேமா கெஞ்சியது.

ஒவ்வொரு முட்டையாகக் குரங்குகளின் கைமாறி மேட்டுக்குப் போயிற்று. ஐம்பத்தெட்டாவது முட்டையை எடுத்தபோது திட்டு சரிந்தது. மிச்சம் நான்கும் ஆற்றோடு போய்விட்டன. எவரால்டோ இடுப்பளவு தண்ணீரில் அழுதுகொண்டே நின்றது. அன்று புதன்கிழமையே தோண்டியிருந்தால் அந்த நான்கும் இருந்திருக்கும். 

இரண்டு மாதம் கழித்து ஐம்பத்தெட்டுக் குஞ்சுகளும் மேட்டை விட்டு இறங்கின. ஜூரேமா முன்னால் நடந்தது. தலைவர் பின்னால் காவல் வந்தது. நடுவழியில் ஒரு சின்னக் காட்டு எலி ஓடி வந்து கேட்டது.

"தலைவரே, எங்க வளையில தண்ணி. நாளைக்கு வந்து பார்க்கட்டுங்களா?"

"நாளைக்கு எதுக்கு? இப்பவே வா," என்றது எவரால்டோ. போகிற வழியிலேயே ஒரு வாய்க்கால் கீறிவிட்டது.

கரையில் பழைய அனகோண்டா காத்திருந்தது. "இந்தக் குஞ்சுங்க என் புதுத் துறை வழியாப் போகுது. அதனால என் சாப்பாடு. வழக்குப் போடப் போறேன்," என்றது.

எவரால்டோ வெகுநாளைக்குப் பிறகு நாக்கை நீட்டி உதட்டை நக்கிக்கொண்டது.

"போடுங்களேன். ஐம்பத்தெட்டு குஞ்சு, ஐம்பத்தெட்டு வழக்கு. ஒவ்வொண்ணுக்கும் பதினாலு வாய்தா."

பாம்பு ஒரு நிமிஷம் மனக்கணக்குப் போட்டுப் பார்த்தது. பிறகு திரும்பிப் போய்விட்டது. கடைசிக் குஞ்சும் தண்ணீரில் இறங்கியது.

கெடுக்க வருபவரை எத்தனை முறை வேண்டுமானாலும் நாளை வரச் சொல்லலாம். உதவி கேட்டு வருபவரை ஒருமுறைகூட அப்படிச் சொல்லக் கூடாது.