வழியை மறிக்கும் தூண்

கடலோரத்தில் ஒரு தர்கா. அதை ஒட்டிக் கருங்கல் பள்ளிவாசல். பள்ளியிலிருந்து தர்காவுக்குப் போகும் வாசலில் ஒரு தூண் வழியை மறித்து நிற்கும். நட்ட நடுவிலும் இல்லை, இடப்பக்கமாகத் தள்ளி. புதிதாக வருகிறவர்கள் தோளை இடித்துக்கொண்டு, கட்டியவனுக்குக் கண் இல்லையா என்பார்கள். கண் இருந்தது. அதுதான் வினை.

பள்ளியைக் கட்டுவித்த ஷெய்குக்குக் கல் வேலை தெரிந்த சீடர்கள் இருவர். மூத்தவன் மொகுதூம், இளையவன் நெய்னா. அந்த வாசலின் உத்திரத்தைத் தான் செதுக்க வேண்டும் என்று மொகுதூமுக்கு ஆசை. தர்காவில் அடங்கியிருக்கும் பெரியவரைக் காணப் போகும் ஒவ்வொரு தலையும் அதன் கீழேதான் போகும். ஷெய்கு அதை நெய்னாவிடம் கொடுத்தார். மொகுதூமுக்குக் கிடைத்தது, தொழுகைக்கு முன் கை கால் முகம் கழுவி உளூச் செய்யும் குளத்துக்குப் படிக்கல்.

அன்றிலிருந்து அவனுக்குச் சோறு இறங்கவில்லை. வயிறு முழுக்க எரிச்சல் இருக்கும்போது சோற்றுக்கு ஏது இடம்?

உச்சிப்பொழுதில் நெய்னா சாப்பிடப் போனதும் மொகுதூம் அந்த உத்திரத்திடம் போய்விடுவான். குற்றம் தேடத்தான். கொடி ஓடியிருந்தது, பூ விரிந்திருந்தது. பள்ளிக்கு ஆகாத பறவையோ முகமோ எங்கும் இல்லை. கோணல் இல்லை, பிசிறு இல்லை. தன் படிக்கல்லைவிட அதைத்தான் அதிகம் பார்த்தான். எந்தப் பூவுக்கு எத்தனை இதழ் என்று தூக்கத்தில் கேட்டாலும் சொல்வான்.

நாற்பதாம் நாள் சும்மா சுத்தியலால் தட்டிப் பார்த்தான். நல்ல கல் கணீரென்று பேசும். இடது பக்கத்தில் ஓரிடம் மொத்தென்றது. உள்ளே விரிசல். செதுக்கும்போது அடி பட்டிருக்க வேண்டும். வெளியே ஒரு கீறல்கூட இல்லாததால் நெய்னாவுக்குத் தெரியவில்லை.

சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. அன்று இரண்டு தட்டுச் சோறு சாப்பிட்டான்.

ஏற்றும்போதே உடையும், ஆளுக்குச் சேதமில்லாமல் நெய்னாவின் பேர் மட்டும் கெடும் என்று மனத்துக்குள் சமாதானம் சொல்லிக்கொண்டான். உத்திரமோ உடையாமல் ஏறி உட்கார்ந்தது. பனங்கட்டையில் இரண்டு முட்டுக் கொடுத்து வையுங்கள், முதல் வெள்ளிக்கிழமை ஜும்ஆத் தொழுகைக்கு முன்னால் எடுத்துக்கொள்ளலாம் என்று ஷெய்கு சொன்னார். மேலே சுவர் எழும்பியது. ஊரே நெய்னாவின் கையைப் பிடித்துப் பாராட்டியது.

வியாழக்கிழமை சாயங்கால அஸர் தொழுகை முடிந்தது. மொகுதூமுக்குப் பொறுக்கவில்லை. ஷெய்கிடம் போய்க் கேட்டேவிட்டான்.

"ஹஜ்ரத், அவனுக்கு வாசலைக் கொடுத்தீங்க. எனக்கு ஏன் படிக்கல்லு? அவன்கிட்ட அப்படி என்ன கண்டீங்க?"

ஷெய்கு வாசலுக்குப் போய், உத்திரத்தின் நேர் கீழே பாயை விரித்து உட்கார்ந்தார். தஸ்பீஹ் மணியை எடுத்தார்.

"நாளைக்கு ஜும்ஆ. அந்த முட்டுக்கட்டையை நீயே தட்டி எடு."

"முதல்ல நீங்க எந்திரிங்க ஹஜ்ரத்."

"நான் ஏன் எந்திரிக்கணும்? நாளைக்கு ஊரே இதுக்குக் கீழதான் போகப்போகுது."

மொகுதூம் மரச் சுத்தியலான கொட்டாப்புளியை எடுத்தான். ஓங்கினான். கை இறங்கவில்லை. அதைக் கீழே போட்டுவிட்டு அழுதான். தட்டியதையும், கல் மொத்தென்றதையும், தான் வாயை மூடிக்கொண்டதையும் ஒன்று விடாமல் சொன்னான்.

"சந்தோஷப்பட்டேன் ஹஜ்ரத்," என்றான்.

பக்கத்தில் நின்ற நெய்னாவின் முகம் வெளிறிவிட்டது. "எந்த இடம்ணே?" என்று கேட்டான். மொகுதூம் ஏணியில் ஏறி அந்த இடத்தில் கை வைத்தான்.

இறக்கிவிடலாமா என்று நெய்னா கேட்டான். ஷெய்கு வேண்டாம் என்றார். கை வைத்த இடத்துக்கு நேர் கீழே ஒரு தூண் நிற்கட்டும், அதை மொகுதூம் செய்யட்டும் என்றார்.

முட்டு நிற்கும்போதே ஜும்ஆ நடந்தது. மறு மாதம் தூண் நின்றது. அதில் மொகுதூம் ஒரு பூவைக்கூடச் செதுக்கவில்லை. முட்டுக்கட்டையை எடுத்ததும் ஷெய்கிடம் வந்தான்.

"கல்லுல விரிசல்னு உங்களுக்கு முன்னாடியே தெரியுமா ஹஜ்ரத்?"

"கல்லைப் பத்தி எனக்கு என்னப்பா தெரியும்? நாப்பது நாளா அந்த உத்திரத்துக்கிட்டேருந்து மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்கிட்டு வந்தே. ஒரு நாள் சிரிச்சிக்கிட்டு வந்தே. அன்னைக்கே பனங்கட்டைக்குச் சொல்லிவிட்டுட்டேன்."