மடத்துப் பீரோவில் இருந்தது

"செத்துப் போனவங்க எங்க போறாங்க?"

மடத்து வாசலில் செருப்பைக் கழற்றியதும் கழற்றாததுமாகச் சங்கரலிங்கம் கேட்ட முதல் கேள்வி இது. வணக்கம்கூடச் சொல்லவில்லை.

அம்மை பூண்டு உரித்துக்கொண்டிருந்தார். ஆற்றுக்கு அக்கரையில் இருக்கும் அந்தச் சின்ன மடத்துக்கு அவர்தான் எல்லாம். வயது நாற்பதைத் தாண்டியிருக்காது. கேட்டவருக்கோ தலை முழுக்க நரைத்துவிட்டது.

"யாரு செத்தது?" என்றார் அம்மை.

"பொதுவாக் கேக்கேன்."

"பொதுவா யாரும் சாகிறதில்லையே."

சங்கரலிங்கம் கையிலிருந்த தகரப் பெட்டியைக் கீழே வைத்தார். அதில் வேட்டி சட்டை ஒரு ஓரமாக ஒதுங்கிக் கிடந்தன. மீதி இடம் முழுக்கப் புத்தகம்.

"என் மக," என்றார்.

"பேரு?"

"மூளைக் காய்ச்சல். ரெண்டாங் கிளாஸ் படிச்சிட்டிருந்தா. ஆச்சு, அது இருபது இருபத்தஞ்சு வருஷம்."

பேரைக் கேட்டால் நோயைச் சொன்னார். அம்மை அதைக் கவனித்தாரோ என்னவோ, அடுத்த பூண்டைக் கையில் எடுத்தார்.

சங்கரலிங்கம் கூட்டுறவுச் சங்கத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். மகளின் பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள் கடைத்தெருவுக்குப் போய் ஒரு புத்தகம் வாங்கி வந்தார். மரணத்துக்குப் பிறகு என்ன என்பது பற்றிய புத்தகம். அதில் பதில் பாதிதான் இருந்தது. மீதிப் பாதிக்காக இன்னொன்று வாங்கினார். அப்படித்தான் ஆரம்பித்தது.

மகள் படுத்துக்கொள்ளும் மூலையில் ஒரு அலமாரி வந்தது. சுவரில் அவள் படம் இருந்த இடத்தில் இன்னொரு அலமாரி. படத்தைக் கழற்றிப் பரணில் போட்டது அவரேதான். ஆத்மா, மறுபிறவி, சூட்சும சரீரம் என்று எதைக் கேட்டாலும் பக்கத்தோடு சொல்லுவார். வீட்டில் அரிசி இருக்கிறதா என்றால் தெரியாது.

மகள் பேச்சை மனைவி ஆவுடையம்மாள் எடுத்தால் கையை உயர்த்துவார். போதும் என்று அர்த்தம். அவளும் சில வருஷம் எடுத்துப் பார்த்துவிட்டு விட்டுவிட்டாள். கிணற்றடியில் பாத்திரம் தேய்க்கும்போது மட்டும் தனக்குத்தானே ஏதோ பேசிக்கொள்வாள்.

இன்று காலை அவர் கிளம்பும்போது அவள் வாசல்வரை வந்தாள்.

"அவ எங்க போனான்னு நீங்க தேடுங்க. நான் வேண்டாம்னு சொல்லல. எனக்கு அவளப் பத்திப் பேச ஒரு ஆளு இருந்தாப் போதும்," என்றாள்.

இவளுக்கு என்ன தெரியும் என்று நினைத்துக்கொண்டே அவர் பஸ் ஏறினார்.

நிறையப் படித்தவர்களுக்கு இந்தத் தைரியம் தானாக வந்துவிடும்.

"இத்தன புத்தகத்துலயும் இல்லாததையா என்கிட்ட கேக்கீய?" என்றார் அம்மை.

சங்கரலிங்கம் குரலைத் தாழ்த்தினார்.

"உங்ககிட்ட ஒரு பழைய ஏடு இருக்காமே. வெளியில யாருக்கும் காட்டுறதில்லையாம். உள் அறைப் பீரோவுல பூட்டி வச்சிருக்கியளாம். புத்தகக் கண்காட்சியில ஒருத்தர் சொன்னாரு."

"அவரு பாத்தாராமா?"

"பீரோவைப் பாத்திருக்காரு. பூட்டைப் பாத்திருக்காரு. நீங்க சாவிய இடுப்புல முடிஞ்சிருக்கிறதையும் பாத்திருக்காரு."

அம்மை தம் இடுப்பைப் பார்த்துக்கொண்டார். சாவி அங்கேதான் இருந்தது.

"பீரோவுல இருக்கிறத எனக்குத் தருவியளா?"

"தாரேன்."

இவ்வளவு சுலபமாக ஒத்துக்கொள்வார் என்று சங்கரலிங்கம் எதிர்பார்க்கவில்லை. வாயெல்லாம் பல்லாக நின்றார்.

"ஆனா இன்னைக்கு சரஸ்வதி பூஜை," என்றார் அம்மை. "மடத்துல இருக்கிற புத்தகமெல்லாம் பூஜைக்குப் போகும். நாளைக் காலையில பூஜை முடிச்சுத்தான் எதையும் தொடலாம். உங்களதையும் கொண்டு வந்து அடுக்குங்க."

அடுக்கினார். மடத்திலிருந்த புத்தகம் முழங்கால் உயரம்தான் வந்தது. இவருடையது அதற்கு மேல் போயிற்று. அதில் அவருக்கு உள்ளூர ஒரு பெருமை.

அடுப்படிக்காரர் கரண்டியைக் கழுவிக் கொண்டுவந்து புத்தகங்களுக்குப் பக்கத்தில் வைத்தார். தோட்டம் பார்ப்பவர் மண்வெட்டியைச் சாய்த்தார். அவரவர் தொழில் செய்கிற ஆயுதத்தை வைக்க வேண்டும் அல்லவா.

"உங்க ஆயுதம்?" என்றார் அம்மை.

"எனக்கு என்ன ஆயுதம்? ரிட்டையர் ஆகிட்டேன்."

அம்மை அவர் முகத்தையே பார்த்தார். சங்கரலிங்கத்துக்குப் புரிய நேரமாயிற்று. புரிந்ததும் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். அம்மை அதை வாங்கி, புத்தக அடுக்கின் உச்சியில் வைத்து, சந்தனமும் குங்குமமும் இட்டார்.

அதற்கப்புறம் சங்கரலிங்கத்துக்குப் பொழுது போகவில்லை.

பெட்டிக்குள் கையை விட்டார். புத்தகம் இல்லை. சுவரில் தொங்கிய காலண்டரைப் படிக்கப் பார்த்தார். எழுத்தெல்லாம் எறும்பாக ஊர்ந்தது. எழுந்து ஆற்றுப் படித்துறைக்குப் போனார்.

எதிர்க்கரையில் பள்ளிக்கூடம் லீவு விட்ட பிள்ளைகள் குதித்துக்கொண்டிருந்தார்கள். கண்ணாடி இல்லாவிட்டாலும் தூரத்தில் இருப்பது அவருக்குத் தெரியும். கிட்டே இருப்பதுதான் தெரியாது. ஏழெட்டு வயசுப் பெண்பிள்ளை ஒன்று பாவாடையை இடுப்பில் செருகிக்கொண்டு, முதல் படியில் நிற்பதா இறங்குவதா என்று யோசித்துக்கொண்டிருந்தது.

சங்கரலிங்கம் சட்டென்று எழுந்து உள்ளே வந்துவிட்டார். இந்த மாதிரி நேரத்தில்தான் அவர் புத்தகத்தைத் திறப்பார்.

பூஜை முடிந்து இலை போட்டார்கள். சர்க்கரைப் பொங்கல் வந்தது. சங்கரலிங்கம் பொங்கலைத் தின்றார். முந்திரிப் பருப்பை மட்டும் ஒவ்வொன்றாகப் பொறுக்கி இலை ஓரத்தில் வைத்தார்.

எதிர் இலையில் அம்மை.

"முந்திரி பிடிக்காதோ?"

"எனக்குப் பிடிக்கும்."

"பின்ன?"

அவர் இலை ஓரத்தைப் பார்த்தார். தாம் பொறுக்கி வைத்ததே அவருக்கு அப்போதுதான் தெரிந்தது.

"என் மக..." என்றார்.

அம்மை காத்திருந்தார்.

"பஞ்ச கோசம்னு சொல்லுவாங்க," என்றார் சங்கரலிங்கம். "அதுல முதலாவது அன்னமய கோசம். உடம்பு சோத்தால ஆனது. உயிர் போன பிறகு அது..."

"மோர் ஊத்தட்டுமா?" என்றார் அம்மை.

மறுநாள் விஜயதசமி.

விடிந்ததிலிருந்து கூட்டம். சுற்றுவட்டாரத்துப் பிள்ளைகளுக்கு அந்த மடத்தில்தான் எழுத்து தொடங்குவது வழக்கம். தட்டில் அரிசியைப் பரப்பி, பிள்ளையை மடியில் உட்கார்த்தி, விரலைப் பிடித்து எழுத வைப்பார்கள். எழுதும்போதே பிள்ளை வாயால் சொல்லவும் வேண்டும்.

அம்மை இடுப்புச் சாவியை எடுத்துக்கொண்டு உள் அறைக்குப் போனார். சங்கரலிங்கமும் பின்னாலேயே போனார்.

பூட்டு திறந்தது. பீரோக் கதவு கிறீச்சிட்டது.

உள்ளே அரிசி மூட்டை இருந்தது. கீழ்த்தட்டில் வெல்லம், துணியில் கட்டிய முந்திரி, உப்பு ஜாடி.

சங்கரலிங்கம் கண்ணைச் சுருக்கிக்கொண்டு மேல்தட்டைத் தடவினார். பின்பக்கத்தைத் தடவினார். மூட்டைக்கு அடியிலும் கையை விட்டுப் பார்த்தார்.

"ஏடு எங்க?"

"இதுல ஏடு எப்பவும் இருந்ததில்ல."

"பின்ன பூட்டு எதுக்கு?"

"எலி," என்றார் அம்மை. "கதவு சரியாச் சாத்திக்கிடாது. பூட்டினாத்தான் நிக்கும்."

சங்கரலிங்கத்துக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. வெறும் ஆத்திரம் இல்லை. இனித் தேட இடமில்லையே என்கிற பயமும் அதில் கலந்திருந்தது.

"ஒரு மனுஷன் பெத்த பிள்ளையப் பறிகொடுத்துட்டு வந்து நிக்கேன். நீங்க அரிசியைக் காட்டுதீய."

"தட்டைப் பிடிங்க," என்றார் அம்மை. "கொட்டிரப் போகுது."

பிடித்தார். வேறு என்ன செய்வது? வெளியே பிள்ளைகள் காத்திருந்தார்கள்.

பிள்ளைகள் எழுதினார்கள். சிலது அழுதன. ஒன்று அரிசியை அள்ளி வாயில் போட்டுக்கொண்டது. பெற்றவர்கள் சிரித்தார்கள், படம் எடுத்தார்கள், தேங்காய் உடைத்தார்கள், போனார்கள். கூடம் காலியாயிற்று.

அம்மை கற்பூரம் காட்டி, புத்தகங்களுக்கு மறுபூஜையை முடித்தார்.

"இனிமே எடுத்துக்கிடலாம்," என்றார்.

சங்கரலிங்கம் பாய்ந்து போகவில்லை. தூணில் சாய்ந்து உட்கார்ந்தபடியே இருந்தார். இருபத்தைந்து வருஷம் தேடியது ஒரு அரிசி மூட்டையில் போய் முட்டிக்கொண்டிருந்தது.

அம்மை அரிசித் தட்டைத் தூக்கி வந்து அவர் முன்னால் வைத்தார். உள்ளங்கையால் அரிசியைச் சமமாகத் தடவிவிட்டார்.

"எழுதுங்க."

"எனக்கா?"

"உங்களுக்குத்தான்."

"எனக்கு எழுத்து தெரியாதா என்ன?"

"தெரிஞ்சா எழுதுங்க."

"என்ன எழுத?"

"நேத்து வந்ததும் உங்ககிட்ட ஒண்ணு கேட்டேனே, அத."

சங்கரலிங்கத்துக்கு உடனே தெரிந்தது. தெரியாத மாதிரி இருக்க ஒரு நொடி பார்த்தார். முடியவில்லை.

"கண்ணாடி வேணும்," என்றார். "எனக்குக் கிட்டத்துல தெரியாது."

"பிள்ளைகள்லாம் கண்ணாடி போட்டா எழுதிச்சு?"

அம்மை அவருடைய ஆள்காட்டி விரலைப் பிடித்தார். தம்மைவிட மூத்த மனுஷனின் விரல் என்று கூச்சப்படவில்லை. அரிசிமேல் கொண்டுபோய் வைத்துவிட்டு, கையை எடுத்துக்கொண்டார்.

விரல் அங்கேயே நின்றது.

பிறகு மெல்ல நகர்ந்தது. வளைந்து, சுழித்து, கீழே இறங்கி, ஒரு எழுத்து. அவருக்கு அது மங்கலாகத்தான் தெரிந்தது. விரலுக்குத் தெரிந்திருந்தது. ஒரு காலத்தில் இதே மாதிரி ஒரு தட்டில், ஒரு சின்ன விரலைப் பிடித்துக்கொண்டு, இதே எழுத்தை அவர் எழுத வைத்திருக்கிறார்.

இரண்டாவது எழுத்து. மூன்றாவது.

"சொல்லிக்கிட்டே எழுதணும்," என்றார் அம்மை. "அதுதான் முறை."

சங்கரலிங்கம் வாயைத் திறந்தார். காற்றுத்தான் வந்தது. தொண்டையைச் செருமிக்கொண்டார். மறுபடியும் காற்று.

அம்மை அவசரப்படுத்தவில்லை. தட்டுக்கு வெளியே சிந்திய அரிசியைப் பொறுக்கிக்கொண்டிருந்தார்.

"வடிவு," என்றார் சங்கரலிங்கம்.

சொன்னதும் அழுதார். பெரிய மனுஷர், தோளில் துண்டு போட்டவர், வாய்விட்டு அழுதார். அடுப்படிக்காரர் எட்டிப் பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டார்.

அழுகை ஓய்ந்த பிறகு அம்மை அந்த அரிசியை ஒரு துணியில் கொட்டி முடிச்சுப் போட்டார்.

"இந்தாங்க. பீரோவுல இருக்கிறதக் கேட்டீயளே."

"என் கேள்விக்கு நீங்க பதில் சொல்லலையே," என்றார் சங்கரலிங்கம்.

"பஸ்ஸுக்கு நேரமாச்சு," என்றார் அம்மை.

வீட்டில் ஆவுடையம்மாள் கொடியிலிருந்து துணி எடுத்துக்கொண்டிருந்தாள். பெட்டி இல்லாமல் அவர் வருவதைப் பார்த்து, எடுத்த துணியைத் தோளில் போட்டபடி நின்றாள்.

"புத்தகம்லாம் எங்க?"

"மடத்துல இருக்கு. இன்னொரு நாள் போய் எடுத்துக்கிடலாம்."

"மூஞ்சி என்னமோ மாதிரி இருக்கே. கண்ணாடி எங்க?"

"அதுவும் அங்கதான்."

மூட்டையை அவளிடம் நீட்டினார். அவள் முடிச்சை அவிழ்த்துப் பார்த்தாள்.

"அரிசி. இது எதுக்கு?"

"எழுத்து தொடங்கின அரிசி. பொங்கல் வச்சுச் சாப்பிடணுமாம்."

"யாரு எழுதினது?"

"நான்தான். வடிவு பேரு," என்றார்.

ஆவுடையம்மாள் அவரையே பார்த்தாள். அவர் கை மேலே எழும்புகிறதா என்று பார்த்தாள். எழும்பவில்லை.

அவள் அடுப்படிக்குப் போனாள். தண்ணீர் கொதிக்கிற சத்தம் கேட்டது. டப்பாக்களை இறக்கி வைக்கிற சத்தம் கேட்டது. சங்கரலிங்கம் போய் நிலைப்படியில் உட்கார்ந்தார். அந்த வீட்டின் அடுப்படி நிலைப்படியில் அவர் உட்கார்ந்து வெகு காலமாகிறது.

அவள் திரும்பிப் பார்க்காமலே, கிண்டிக்கொண்டே, மெதுவாகக் கேட்டாள்.

"முந்திரி போட வேண்டாம்லா? அவதான் தின்ன மாட்டாளே."

"போடு," என்றார் சங்கரலிங்கம். "பொறுக்கி என் இலையில வச்சிருவா."