இரண்டு இருட்டுக்கு ஒரு விளக்கு

புதுமணல் என்ற கடற்கரை ஊருக்கு ஒரு தொண்டு நிறுவனம் உயரமான சோலார் விளக்குக் கம்பம் ஒன்றைக் கொடுத்தது. ஒன்றுதான். காங்கிரீட் போட்டு நட்டுவிட்டால் பிறகு இடம் மாற்ற முடியாது. ஊரிலோ இருட்டான இடங்கள் இரண்டு இருந்தன.

ஒன்று, வள்ளங்கள் கரையேறும் இடம். அங்கே தண்ணீருக்குள் பாறைகள் உண்டு. மற்றது, கரையிலிருந்து பஸ் நிறுத்தம்வரை உடைமரக் காட்டுக்குள் போகும் பாதை. ஆண்கள் விடியுமுன் மீனோடு வருவார்கள். பெண்கள் அந்த மீனைக் கூடையில் வாங்கித் தலையில் வைத்து, டார்ச்சுக்குக் கை மிஞ்சாமல் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, முதல் பஸ்ஸைப் பிடிக்க ஓட்டமும் நடையுமாகப் போவார்கள். பஸ் போனால் மீனின் விலையும் போயிற்று. அதனால் வெளுக்கட்டும் என்று கடலில் காத்துக்கிடக்க ஆண்களாலும் முடியாது, கரையில் காத்திருக்கப் பெண்களாலும் முடியாது.

ரோஸ்லினுக்கு அந்த இரண்டு இருட்டும் தெரியும். ஆடி மாதத்தில் அவள் கணவன் சிலுவையின் வள்ளம் பாறையில் மோதிக் கவிழ்ந்தது. நீந்தி வந்தவனுக்குத் தோளில் தையல் போட்டார்கள். அதன்பிறகு தினமும், அலைச் சத்தத்துக்குள் அவனுடைய எஞ்சின் சத்தம் பிரிந்து கேட்கும்வரை அவளுக்கு மூச்சு சீராக வருவதில்லை. பாதையில் அவளும் ஒருநாள் விரியனை மிதிக்கப் பார்த்தாள். கூடையை எறிந்துவிட்டுத் தாவியதில் கால் சுளுக்கிக்கொண்டது. மறுநாள் சிலுவை டார்ச்சைப் பிடித்துக்கொண்டு முன்னால் நடந்து, பஸ் வரைக்கும் கொண்டுபோய் விட்டான். அவளுக்குப் பின்னால் வந்த பெண்களெல்லாம் அன்று கல் தடுக்காமல் நடந்தார்கள். ஆனால் திரும்பி வந்தவனை, கரையில் வலை உதறிக்கொண்டிருந்தவர்கள் சும்மா விடவில்லை.

“என்ன மாப்ள, நாளையிலருந்து நீயே கூடையத் தூக்கிட்டுப் போயி வித்துட்டு வந்துரு!”

சிலுவை அதோடு நிறுத்திக்கொண்டான். ரோஸ்லினும் கூப்பிடவில்லை.

விளக்கை எங்கே நடுவது என்று ஊர் வழக்கப்படிதான் தீர்மானித்தார்கள். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் மாதா கோயில் முற்றத்தில் இரண்டு பானைகள் வைக்கப்பட்டன. ஆண்களுக்கு ஒன்று, பெண்களுக்கு ஒன்று. கரைக்கு என்றால் சிப்பி, பாதைக்கு என்றால் கூழாங்கல். மூடிய கையைப் பானைக்குள் விட்டுப் போடவேண்டும். யார் எதைப் போடப்போகிறார் என்று வீட்டுக்குள்கூடக் கேட்கக் கூடாது.

வரிசையில் நின்ற ரோஸ்லினின் உள்ளங்கையில் சிப்பியும் இருந்தது, கல்லும் இருந்தது. பின்னால் நின்ற புஷ்பராணி முதுகில் இடித்தாள். புஷ்பராணியின் கணவன் குவைத்தில் இருந்தான், தம்பி கடலுக்குப் போய்க்கொண்டிருந்தான்.

“போடுக்கா. பானையப் பாத்து ஜெபமா பண்ணுத?”

சுளுக்கு ஆறிவிடும் என்று நினைத்துக்கொண்டு, ரோஸ்லின் சிப்பியைப் போட்டாள்.

ஊர்த்தலைவர் தொம்மை முதலில் பெண்கள் பானையைக் கவிழ்த்தார். ஒன்றிரண்டு கல்லைத் தவிர எல்லாம் சிப்பி. அடுத்து ஆண்கள் பானையைக் கவிழ்த்தார். கடகடவென்று கூழாங்கற்கள் உருண்டன.

ரோஸ்லின் சிலுவையைப் பார்த்தாள். அவன் தன் கால்விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

“அடப்பாவி மனுசா, தோள்ல தையல வச்சுக்கிட்டுக் கல்லையா போட்டீரு?”

“நீ மட்டும் என்னத்தப் போட்ட? விரியன் என்ன உனக்குச் சித்தப்பன் மவனா?”

கூட்டம் சிரித்தது. சிரிப்பு அடங்கியபோது சிலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

ஊரில் பல வீட்டு ஆண்கள் வெளிநாட்டில் இருந்ததால் பெண்கள்தான் அதிகம். எண்ணிப் பார்த்ததில் சிப்பி மிகுந்தது.

“சிப்பி ஜெயிச்சிட்டு,” என்றார் தொம்மை. “கரையில நடுவோம். ஊரு சொன்னா சொன்னதுதான்.”

“அதெப்படி மாமா?” என்றான் சிலுவை. “பொம்பளைங்க எங்களுக்காகப் போட்டாவ, நாங்க அவியளுக்காகப் போட்டோம். அவங்கவங்க தனக்கு வேணும்னு போட்டிருந்தா கல்லுல்லா ஜெயிச்சிருக்கும்? நெறைய பேருக்கு இருட்டு பாதையிலதான். அங்கதான் நடணும்.”

புஷ்பராணி குறுக்கே வந்தாள். “பாசத்தப் போயி எண்ணிக்கிட்டு இருந்தா விடியாது மாமா. மாதா முன்னால சீட்டு எழுதிப் போடுங்க. எது வருதோ அது. யாருக்கும் மனசு நோவாது.”

ரோஸ்லின் இருவருக்கும் நடுவில் நின்றாள். விளக்கு கரைக்குப் போனால் சிலுவை அவளுக்காகக் கேட்டது கிடைக்காது. பாதைக்குப் போனால், நாளையும் அவள் இருட்டில் நின்று எஞ்சின் சத்தத்தைத் தேடவேண்டும்.

கேட்டவர்கள் இனிச் சொல்லுங்கள். எண்ணிக்கையைப் பிடித்துக்கொண்ட தொம்மை, அவரவர் தேவையை எண்ணச் சொன்ன சிலுவை, சீட்டை நம்பிய புஷ்பராணி, இவர்களில் யார் சொன்னது சரி? விளக்கை எங்கே நடவேண்டும்?

விடை: விளக்கு கரைக்குத்தான் போகவேண்டும், ஆனால் தொம்மை சொன்ன காரணத்துக்காக அல்ல. யாருக்கு யார்மேல் கவலை என்பதைத்தான் பானைகள் காட்டின. எந்த இருட்டுக்கு வேறு வழியே இல்லை என்பதை அவை காட்டவில்லை. சிலுவையின் கணக்கும் காட்டாது, சீட்டும் காட்டாது. பாதையில் ஒரு மனிதர் டார்ச்சோடு முன்னால் நடக்க முடியும். பாறைக்கு நடுவே வள்ளத்துக்கு முன்னால் யாரும் நடக்க முடியாது. மனிதரால் முடியாத இடத்தில் விளக்கு நிற்கட்டும். ஒருத்திக்காகப் பிடித்த டார்ச்சில் பின்னால் வருகிற எல்லோரும் நடக்கலாம், கணவனைக் குவைத்தில் விட்டிருக்கும் புஷ்பராணியும். ஆகவே ஆண்கள் நாளுக்கு ஒருவராக முறை வைத்துக்கொண்டால் போதும். இந்த விடையிலும் ஒரு குறை உண்டு. இன்னொருவன் போவான் என்று எல்லோருமே படுத்துவிட்டால் பாதை மறுபடி இருண்டுவிடும். புதுமணலில் முதல் முறையைச் சிலுவை கேட்டு வாங்கினான். இரண்டாவது முறை, அவனைக் கேலி செய்தவருக்கு. ரோஸ்லின் டார்ச்சுக்குப் புது பேட்டரி வாங்கிப் போட்டு, அவன் சட்டைக்குப் பக்கத்தில் மாட்டி வைத்தாள்.