முதலாளியின் வெள்ளை வேட்டி

சாயக்கழிவு ஆற்றில் கலப்பதை ஆவணப்படம் எடுக்க வந்த மரகதத்தின் கேமராவைச் சாயப்பட்டறை முதலாளி தங்கமுத்து பிடுங்கிக்கொண்டார்.

"ஆறு சுத்தமா இருக்குன்னு படம் எடு. அப்பத்தான் இது உனக்குத் திரும்பக் கிடைக்கும்."

அன்று கழிவை நிறுத்தியிருந்ததால் தண்ணீர் தெளிவாகத்தான் ஓடியது.

"எடுத்துடலாங்க. ஆனா நான் சொன்னா யாரு நம்புவாங்க? நீங்களே ஆத்துல நின்னு சொல்லுங்க."

தங்கமுத்து படமெடுக்கக் கேமராவை அவளிடம் கொடுத்துவிட்டு, வெள்ளை வேட்டியோடு முழங்கால் தண்ணீரில் இறங்கி மிடுக்காக நின்றார். அடியில் படிந்த சாயச் சேறு கலங்கியதைக் கவனிக்கவில்லை.

"எங்க பட்டறையிலிருந்து ஒரு சொட்டுச் சாயம் ஆத்துக்கு வர்றதில்ல" என்று முழங்கிவிட்டுக் கரையேறினார். வேட்டி முழங்கால்வரை கருஞ்சிவப்பு. கரையில் நின்ற ஊரே சிரித்தது. கேமராவைத் திரும்ப வாங்க மறந்து, வேட்டி மாற்ற வீட்டுக்கு ஓடினார்.

மரகதம் பஸ் ஏறி, கேமராவை மடியில் வைத்து நிம்மதியாக மூச்சுவிட்டபோது போன் அடித்தது.

"அதை அழிச்சுடும்மா."

"கவலைப்படாதீங்க. நீங்க பேசினதுல ஒரு வார்த்தைகூட வெட்டமாட்டேன்."