முதலில் சொன்னவள்

முன்னொரு காலத்தில், சிலுவையில் மரித்த ஆண்டவர் உயிர்த்தெழுந்து சில வருடங்கள் ஆன பிறகு, ஓர் ஊரில் சபை மூப்பர்கள் கூடினார்கள். அவரை உயிரோடு கண்டவர்கள் யார் யார் என்று எல்லாச் சபைகளும் ஒரே மாதிரி சொல்ல ஓர் அறிக்கை வேண்டும் என்பது அவர்கள் எண்ணம்.

சாட்சி சொல்லக் கல்லறையின் கல்லும், உடலைச் சுற்றியிருந்த துணியும், தைலக் குடுவையும் வந்திருந்தன. அந்தக் குடுவையைக் கல்லறைக்குச் சுமந்துபோன பெண்களில் ஒருத்தியான திர்சாள் பின்வரிசையில் உட்கார்ந்திருந்தாள்.

தலைமை மூப்பர் எலியாப் முதலில் துணியை விசாரித்தார். சீடர்கள் ஓடிவந்து குனிந்து தன்னைப் பார்த்ததை அது சொன்னது. அவர்கள் பெயர்கள் அறிக்கையில் ஏறின.

"அவர்களுக்கு முன்பே பெண்கள் வந்து அவரைக் கண்டார்கள்," என்றது கல்.

எலியாப் எழுதுவதை நிறுத்தினார். பெண்களின் சாட்சி எந்த மன்றத்திலும் செல்லாது, அதைச் சேர்த்தால் ஊர் சிரிக்கும் என்றார். வந்தவள் ஒருத்தி என்று சிலர் சொல்கிறார்கள், மூவர் என்று சிலர். கல்லறையில் அவர்களிடம் பேசிய தேவதூதன் ஒருவனா இருவரா என்பதிலும் ஒற்றுமை இல்லை என்றார்.

குடுவைக்குக் கோபம் பொங்கியது. "நடுங்கிக்கொண்டு ஓடியவர்கள் ஆளுக்கொரு விதமாகத்தான் சொல்வார்கள். இது கட்டிய கதை என்றால், சாட்சியே செல்லாத பெண்களையா முதலில் நிறுத்தியிருப்பார்கள்?"

அறிக்கை சுருக்கமாக இருந்தால்தான் மனதில் நிற்கும் என்று துணி சமாதானம் பேசியது.

"உன்னைப் பார்த்தவர்கள் பெயர் ஏறிவிட்டது. இனி உனக்கென்ன," என்று உறுமியது கல்.

எலியாப் திர்சாளிடம் திரும்பினார். "சகோதரி, உங்களைப் பொய்க்காரி என்று யாரும் சொல்லவில்லை. சபையின் நன்மைக்காகப் பொறுத்துக்கொள்ளுங்கள்."

திர்சாள் எழுந்தாள். "அன்றைக்கு நீங்கள் எல்லோரும் பயந்து கதவைத் தாழிட்டு உள்ளே இருந்தீர்கள், ஐயா. அவர் உயிரோடு இருக்கிறார் என்று நான் கதவைத் தட்டிச் சொன்னபோது பிதற்றாதே என்றீர்கள். அப்போதே நான் பொறுத்துக்கொண்டிருந்தால், தட்டுவதை விட்டுவிட்டு வீட்டுக்குப் போயிருப்பேன்."

பெண்கள் பெயர் இல்லாமலே அறிக்கை முடிந்தது. எல்லோரும் எழுந்து நின்று உரக்கச் சொன்னார்கள்: மரித்தார், அடக்கம் பண்ணப்பட்டார், உயிர்த்தெழுந்தார்.

வாசல்வரை போயிருந்த திர்சாள் திரும்பி நின்றாள்.

"அதை உங்களுக்கு யார் சொன்னது?"

எலியாப் அவளைப் பார்க்காமல் அடுத்த வரியை வாசித்தார்.