துணி போன குடை

அந்தக் காலத்தில் செடிக்கும் நத்தைக்கும் நாக்கு இருந்தது. கோபம் வந்தால் இந்தக் கல்லை விட்டு அந்தக் கல்லுக்குப் போகச் செடிக்குக் காலும் இருந்தது. எப்படி என்று என்னைக் கேட்காதீர்கள். கோபக்காரருக்கு முளைக்காதது எது?

பச்சை என்பதே தண்ணீருக்குள் மட்டும் இருந்த நாள் அது. கரையில் கல் உண்டு, வெயில் உண்டு, வேறொன்றும் கிடையாது. மேற்கு மலையில் ஓர் அருவியிலிருந்து முதன்முதலாகக் கரையேறிய ஜோடி குளிரியும் அவள் புருஷன் ஓதனும். ஈரப்பாறையில் ஆட்டு ஈரலைப் பரப்பி வைத்தது போல ஒட்டிக் கிடக்கிறதே ஈரற்பாசி, அந்தக் குலத்துக்கே முதல் பெண்டாட்டியும் முதல் புருஷனும் அவர்கள்தான். அன்றைக்கு அவர்கள் ஒட்டிக் கிடக்கவில்லை, நிமிர்ந்து நின்றார்கள்.

குளிரிக்குத் தாய் அந்த அருவிதான். மகளைக் கரையேற்றி அனுப்பும்போது சீராக இரண்டு பச்சைக் குடை கொடுத்தாள். "வெயில் பொல்லாதது மகளே. உனக்கு ஒண்ணு, மாப்பிள்ளைக்கு ஒண்ணு. குடையை மட்டும் கைவிட்டுராத" என்று சொல்லி அனுப்பினாள்.

அவர்கள் பின்னாலேயே ஓதனின் தங்கை சுருளியும் கரையேறி வந்தாள். பெரணிச் செடிகளுக்கெல்லாம் மூத்தவள் அவள். அப்போது அவளுக்கு இலை இல்லை, வெறும் தண்டு. பிறகு மலைக்கு அந்தப் பக்கம் கரையேறியிருந்தவர்கள் அவளைப் பெண் பார்க்க வந்து மேலும் கீழும் பார்த்தார்கள். "பொண்ணு மேல பொட்டுப் பச்சைகூட இல்லையே" என்று உதட்டைப் பிதுக்கினார்கள். தங்கை முகம் வாடியதும் ஓதனுக்கு மனசு பொறுக்கவில்லை. குளிரி அன்றைக்குத் தாயைப் பார்க்க மேல்மடுவுக்குப் போயிருந்தாள். அவள் குடை பாறையில் சாத்தியிருந்தது. ஓதன் அதன் துணியை உரித்தான், தங்கை கையில் கொடுத்தான். சுருளி அதைக் கீறிக் கீறி உடம்பெல்லாம் உடுத்திக்கொண்டு சந்தோஷமாக மலைக்கு அந்தப் பக்கம் வாழப் போய்விட்டாள்.

குளிரி திரும்பி வந்தபோது குடைக்கம்பிகள் மட்டும் விரித்த விரல்களைப் போல நின்றன.

"என் குடை எங்க?"

"தங்கச்சிக்குக் குடுத்தேன்."

"நல்லது. உங்க குடை எங்க?"

"இதோ, தலைக்கு மேலதான் இருக்கு."

"அப்போ அதைக் குடுக்க வேண்டியதுதானே?"

ஓதன் தலையைச் சொறிந்தான். "ஆம்பிளை குடை இல்லாம நின்னா நாலு பேர் என்ன சொல்லுவாங்க?" என்றான்.

அட பாவி மனுஷா! சொல்வதற்கு வேறு வார்த்தையா கிடைக்கவில்லை? கடைத்தேங்காயை எடுத்து வழிப்பிள்ளையாருக்கு உடைத்தது போதாதென்று, நியாயம் வேறு பேசுகிறான். தங்கைக்குக் கொடுத்தது குளிரிக்கு வலிக்கவில்லை. கேட்டிருந்தால் அவளே கொடுத்திருப்பாள். கேட்கவில்லையே என்பதுதான் வலித்தது. அதுவரை "நீங்க" என்று பேசியவள் அன்றைக்குத்தான் "நீ" என்று தொடங்கினாள்.

"நீ இருக்கிற கல்லுல இனி என் கால் படாது" என்றாள்.

"உன் கல்லுல என் காலும் படாது, போ!" என்றான் அவன்.

அவள் வெறும் குடைக்கம்பியைத் தூக்கிக்கொண்டு அருவித் தண்ணீர் ஓடிய வாய்க்காலுக்கு அந்தப் பக்கத்துப் பாறைக்குப் போய்விட்டாள். இரண்டு பாறைக்கும் நடுவில் ஒரு முழம் இருக்கும், அவ்வளவுதான். சமாதானம் பேச, அவர்களுக்குப் பின்னால் கரையேறிய பாசிக்குலத்துப் பங்காளிகள் வந்தார்கள். இன்றைக்கு மரப்பட்டையில் பொடிப்பொடி இலையோடு ஊர்கிற பங்காளி ஒருத்தி வந்தாள். குளத்துச் சேற்றில் வட்டவட்டமாக உட்கார்ந்து, கோடை வந்தால் சுருண்டு தூங்கிவிடுகிற பங்காளி ஒருத்தன் வந்தான். முதலில் இவளிடம் பேசினார்கள், பிறகு அவனிடம் பேசினார்கள். கடைசியில் "உங்க வீம்புக்கு மருந்து கிடையாது" என்று அவரவர் இடத்துக்குப் போய்ச் சேர்ந்தார்கள்.

குடையில்லாமல் நிமிர்ந்து நின்றால் வெயில் சுட்டது. அதனால் குளிரி பாறையோடு பாறையாக ஒட்டிப் படுத்துக்கொண்டாள். கோபம் உடம்பெல்லாம் ஊறிக் கசப்பாகிவிட்டது. ஒரு நத்தை வந்து அவள் ஓரத்தைக் கடித்துப் பார்த்துத் தூ தூ என்று துப்பியது.

"என்ன தாயி, இம்புட்டுக் கசப்பு?"

"என்னைக் கட்டினவன்கிட்டப் போய்க் கேளு!"

அன்றிலிருந்து நத்தைதான் அவர்களுக்கு நடுவில் தூது. கூப்பிட்டால் கேட்கும் தூரம்தான். ஆனால் பேச்சை முறித்துக்கொண்டவர்களுக்குத் தூது இல்லாமல் ஆகுமா? நத்தை ஒரு முழம் கடக்க மூன்று நாள் எடுத்துக்கொண்டது. வழியில் எதையாவது தின்றுவிட்டு வந்தால் நாலு நாள்.

"புருஷன் இல்லாமப் பிள்ளை பெற முடியாதா என்ன?" என்று குளிரிக்கு ஒரு வைராக்கியம் வந்தது. முதுகில் சின்னச் சின்னக் கிண்ணங்கள் செய்தாள். தன் உடம்பிலேயே துளித்துளியாகக் கிள்ளி அதில் போட்டு வைத்தாள். மழைத்துளி கிண்ணத்தில் விழுந்ததும் துணுக்கெல்லாம் தெறித்து ஒரு சாண், ஒரு முழம் தள்ளி விழுந்து பற்றிக்கொண்டன. பற்றியதெல்லாம் குளிரி! அதே முகம், அதே குரல், அதே கோபம். ஒருத்திக்குத் தலைவலி என்றால் அத்தனை பேருக்கும் தலைவலி. "அந்த ஆளோட பேசாதம்மா!" என்று பாறை முழுக்க ஒரே சத்தம். அந்தப் பக்கம் ஓதன் சும்மா இருப்பானா? அவனும் கிண்ணம் வைத்தான். அவன் பாறை நிறைய ஓதன்கள், ஆளுக்கொரு வீம்போடு.

இப்படியே காலம் போயிருக்கும். ஒரு நாள் நத்தை அருவியிடமிருந்து ஒரு சேதி கொண்டுவந்தது.

"தாயி, மேல பெரும்பாறை ஒண்ணு உருண்டுருச்சு. அருவி அந்தப் பக்கமாத் திரும்பப் போகுது. ஐப்பசி மழை ஓஞ்சா இந்தக் கல்லுக்குச் சொட்டுத் தண்ணி வராது."

"எங்கம்மா என்ன சொன்னா?"

"அழுதா தாயி. 'பள்ளத்துக்குத்தான் நான் கட்டுப்பட்டவ, மகளுக்கு இல்ல'ன்னு சொல்லி அழுதா."

குளிரி கணக்குப் போட்டுப் பார்த்தாள். அருவி போய் விழப்போகும் இடம் இரண்டு மேடு தாண்டி இருந்தது. குடையில்லாமல் வெயிலில் அத்தனை தூரம் நடந்தால் பாதி வழியிலேயே கருவாடாகிவிடுவாள். பிள்ளைகளுக்கும் அதே கதிதான். வழியில் போன காற்றைக் கூப்பிட்டாள்.

"காத்தே, எம் பிள்ளைகள்ல ஒண்ணையாவது அந்த அருவிக்குக் கொண்டுபோய் விட்டுரு. எங்குலம் இந்தக் கல்லோட முடிஞ்சுரக் கூடாது."

காற்று ஒரு கிண்ணப்பிள்ளையைத் தூக்கிப் பார்த்துவிட்டுக் கீழே போட்டது. "எல்லாம் ஈரக்கட்டியா இருக்கே! தூள்பிள்ளையாப் பெத்துக் குடு, ஒரே ஊதுல கொண்டுபோறேன்."

"தூள்பிள்ளை எப்படிப் பெறுறது?"

காற்று சிரித்தது. "அதுக்கு ரெண்டு பேர் வேணும் குளிரி."

ஐயோ, அந்த ராத்திரியும் மறுநாள் பகலும் அவள் பட்ட பாடு! இறங்கிப் போனால் மானம் போகும், போகாவிட்டால் குலம் போகும். கடைசியில் நத்தையைக் கூப்பிட்டாள். "அந்த ஆளுகிட்டச் சொல்லு. மன்னிச்சுட்டேன்னு சொல்லாத. பிள்ளை வேணும்னு மட்டும் சொல்லு" என்றாள்.

மூன்று நாளில் சேதி போனது. அடுத்த மூன்று நாளில் பதில் வந்தது.

"உன் கல்லுல கால் வைக்க மாட்டேன்னு சொல்லிட்டாராம் தாயி. சொன்னா சொன்னதுதானாம்."

குளிரி வாய்விட்டு அழுதாள். அவளைப் பார்த்து அத்தனை மகள்களும் அழுதார்கள். அந்த அழுகை வாய்க்காலைத் தாண்டி அந்தப் பாறைக்குக் கேட்டது. ஓதன் இத்தனை நாள் தன் குடை நிழலில் குளுகுளுவென்று இருந்தவன். அந்த அழுகையைக் கேட்டதும் நிழல் அவனுக்குக் கசந்தது. 'ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே' என்று அன்றைக்குத்தான் அவனுக்கு உறைத்தது. ஆனால் சொல்ல வெட்கம்.

மறுநாள் ஐப்பசி மழை பிடித்தது. ஓதன் தன் தலைக்கு மேலிருந்த குடையைப் பிடித்து இழுத்து வானம் பார்க்கத் தட்டாக விரித்துவிட்டான். ஒருமுறை அப்படி விரித்த குடை மறுபடி மடங்காது. அது அவனுக்குத் தெரியும். "அப்பா, வெயில் வந்தா என்ன பண்ணுவ?" என்று பிள்ளைகள் கத்தின. "வரட்டும்" என்றான். தன் உயிரையெல்லாம் அந்தத் தட்டில் கொட்டினான். பெருந்துளி ஒன்று தட்டில் வந்து அடித்தது. உயிர்த்துளிகள் தெறித்து வாய்க்காலைத் தாண்டிப் போய், குளிரியின் பாறையில் ஓடிய தண்ணீரில் விழுந்து, நீந்தி அவளைச் சேர்ந்தன.

"கால் வைக்கலை, பாத்துக்கோ!" என்று இந்தப் பக்கம் நின்று ஓதன் கத்தினான். வருஷக்கணக்கில் இருவரும் நேருக்கு நேர் பேசிய பேச்சு அது ஒன்றுதான்.

குளிரி துணியில்லாத குடைக்கம்பியை மட்டும் நன்றாக விரித்துப் பிடித்தாள். மழை ஓய்ந்த சில நாளில் அந்தக் கம்பிகளுக்கு அடியில் மஞ்சளாகச் சின்னச் சின்னப் பைகள் தொங்கின. பைக்குள் தூளாகப் பிள்ளைகள். அதில் பாதி மகன், பாதி மகள். ஒன்றின் முகம் ஒன்றுக்கு இல்லை.

அருவி சொன்னபடி திரும்பிவிட்டது. பாறை காய்ந்தது. கிண்ணப்பிள்ளைகள் ஓரம் சுருண்டு ஒவ்வொன்றாகக் கறுத்தன. நிழலில்லாத ஓதனும் விளிம்பிலிருந்து காய்ந்துகொண்டு வந்தான். ஒரு நாள் பைகள் வெடித்தன. காற்று சொன்ன சொல் தவறாமல் வந்து மஞ்சள் தூளை அள்ளிக்கொண்டு இரண்டு மேட்டுக்கு அப்பால் போனது. அது கண்ணுக்கு மறையும்வரை குளிரி பார்த்துக்கொண்டே இருந்தாள். அவள் மனசு நிறைந்துவிட்டது.

நத்தை கடைசியாக ஒரு சேதியோடு ஊர்ந்து வந்தது. "கோவம் போயிருச்சான்னு கேக்கச் சொன்னாரு தாயி."

குளிரிக்குப் பாதி உடம்பு காய்ந்திருந்தது. ஆனாலும் சிரித்தாள்.

"போகலைன்னு சொல்லு. அடுத்த மழைக்கும் வரச் சொல்லு."

இரண்டு மேட்டுக்கு அப்பால், புது அருவிச் சாரலில், தூள்பிள்ளைகள் முளைத்தன. யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. மகள்கள் ஒரு பக்கமாகவும் மகன்கள் ஒரு பக்கமாகவும் ஒதுங்கிப் பாறையோடு ஒட்டிப் படுத்துக்கொண்டார்கள். மகள்கள் வெறும் குடைக்கம்பியைத் தூக்கினார்கள், மகன்கள் தட்டை ஏந்தினார்கள். பிறகு எல்லாரும் வானத்தைப் பார்த்தார்கள்.

அன்று முதல்தான், எந்த மலையில் எந்த ஈரப்பாறையில் போய்ப் பார்த்தாலும் இந்த ஈரற்பாசியில் ஆண் ஒரு திட்டு, பெண் ஒரு திட்டு என்று தனித்தனியாகவே கிடக்கிறார்கள். மழை விழுந்தால் மட்டும் புருஷன் பெண்டாட்டி ஆகிறார்கள்.