வேண்டாதவர் இருக்கை

காதை மட்டும் என்னிடம் கொடுங்கள். மூளையை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள், கடைசியில் தேவைப்படும்.

ஒரு மலையடிவாரத்தில் முரண்பாட்டுப் பல்கலைக்கழகம் என்று ஒன்று இருந்தது. உலகத்தில் நடக்கவே நடக்காத காரியங்களை அங்கே துறை துறையாகப் பிரித்து ஆராய்ந்தார்கள். சிகாமணி, நிறைவேற்ற முடியாத வாக்குறுதிகள் துறையில் பேராசிரியர். பக்கத்து அறை, விடையில்லாக் கேள்விகள் துறை. அதன் பேராசிரியர் உமையாள்.

உமையாளைக் கண்டாலே சிகாமணிக்கு வயிறு எரியும். இருபத்திரண்டு வருடமாக எரிகிறது. இத்தனைக்கும் அந்த அம்மாள் அவருக்கு ஒரு கெடுதலும் செய்ததில்லை. காரைக்குடிக்குப் போய் வந்தால் சீப்புச் சீடை கொண்டுவந்து முதலில் அவரிடம்தான் நீட்டுவார். அது ருசியாக வேறு இருந்து தொலைக்கும். சுவருக்கு அந்தப் பக்கம் உமையாளின் மாணவர்கள் சிரித்தால், இந்தப் பக்கம் விடைத்தாள் திருத்தும் சிகாமணியின் பேனா தாளைக் கிழித்துவிடும். தன் வகுப்பில் கரும்பலகை முன்னால் நிற்கும் நேரம் மட்டுமே அவர் அந்த அம்மாளை மறந்திருப்பார். அதனாலேயே வகுப்பென்றால் அவருக்கு உயிர்.

அங்கே 'வேண்டாதவர் இருக்கை' என்று ஒரு பெரிய பதவி உண்டு. நிறுவியவர் குறும்புக்காரர், இரண்டு விதி எழுதிவைத்துவிட்டுக் கண்ணை மூடினார். விண்ணப்பிக்காதவருக்கு அதைத் தரக் கூடாது. விரும்புகிறவருக்கும் தரக் கூடாது. விண்ணப்பத்தின் கடைசி வரியில், 'இந்த இருக்கையை நான் விரும்பவில்லை' என்று சத்தியம் செய்து கையெழுத்துப் போட வேண்டும். அப்புறம் குழுவின் முன்னால் வந்து, 'பின்னே எதற்கு விண்ணப்பித்தீர்?' என்ற கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டும். பொய் சொன்னால் இருக்கிற வேலையும் போய்விடும். முப்பது வருடமாக இருக்கை காலி. அதில் அமர்பவர் மலைமேல் பங்களாவில் தனியாக உட்கார்ந்து சிந்திக்க வேண்டும், வகுப்பே எடுக்கக் கூடாது என்பது இன்னொரு சங்கதி.

அந்த வருடம் உமையாள் விண்ணப்பப் படிவம் வாங்கிப் போனதாகச் செய்தி வந்தது. சிகாமணிக்குச் சோறு இறங்கவில்லை. பங்களாவும் அவருக்கு வேண்டாம், மாணவர் இல்லாத தனிமையும் வேண்டாம். ஆனால் அந்த அம்மாள் மேலே உட்கார்ந்து தன்னைக் குனிந்து பார்ப்பதை எப்படிப் பொறுப்பது? தன் மூக்கை அறுத்துக்கொண்டாவது எதிரிக்குச் சகுனத் தடை செய்வது என்று அவரும் ஒரு விண்ணப்பம் போட்டார்.

முதலில் அவரைத்தான் அழைத்தார்கள். துணைவேந்தர் பரஞ்சோதி கேட்டார்: "வேண்டாம்னு கையெழுத்துப் போட்டிருக்கீங்க. பின்னே எதுக்கு சார் விண்ணப்பம்?"

"அந்தம்மாவுக்குக் கிடைச்சுடக் கூடாது. அதுக்குத்தான்."

குழுவினர் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். விண்ணப்பித்திருக்கிறார், விரும்பவில்லை, உண்மையும் சொல்கிறார்! முப்பது வருடத்தில் இப்படி ஓர் ஆள் வந்ததில்லை. அவரை ஓரமாக உட்காரவைத்துவிட்டு உமையாளை அழைத்தார்கள்.

உமையாளின் படிவத்தில் 'விரும்பவில்லை' அடிக்கப்பட்டு, மேலே 'விரும்புகிறேன்' என்று எழுதியிருந்தது.

"என்னம்மா இது?"

"பொய் எழுத மனசு வரலை சார். பத்து வருஷமா ஆசை. இப்படி எழுதினா கிடைக்காதுன்னு தெரியும். ஆசைப்பட்டவ ஒருத்தி இருந்தான்னு ஃபைல்லயாவது இருக்கட்டுமேன்னுதான்."

சிகாமணிக்குத் தலையில் இடி விழுந்தது. சும்மா இருந்திருந்தாலே அந்த அம்மாளுக்குக் கிடைத்திருக்காது! வீணாக மூக்கை அல்லவா அறுத்துக்கொண்டோம் என்று நொந்துபோனார். உமையாள் அவர் பக்கம் திரும்பி, "உங்களுக்குன்னா சந்தோஷம்தான் சார். உங்க வகுப்புப் பசங்களை நான் பார்த்துக்கறேன், கவலைப்படாம போங்க" என்றார்.

பரஞ்சோதி பங்களாச் சாவியை மேசைமேல் வைத்தார். கொடுப்பதற்கு முன் வழக்கப்படி ஒருமுறை கேட்டார்: "இப்பவும் விரும்பலைதானே சார்?"

சிகாமணி சாவியைப் பார்க்கவில்லை. சாவியைப் பார்த்துக்கொண்டிருந்த உமையாளைப் பார்த்தார். அந்தக் கண்ணில் இருந்த ஏக்கத்தைக் கண்டதும், அதுவரை துருப்பிடித்த இரும்பாகக் கிடந்த சாவி அவருக்குத் தங்கமாகிவிட்டது. பத்து வருடம் இந்த அம்மாள் ஏங்குகிறாளென்றால் அதில் என்னவோ இருக்கிறது!

"வேணும்," என்றார். "இப்ப வேணும்போல இருக்கு."

குழுவில் சண்டை மூண்டது. கையெழுத்துப் போட்ட நாளில் அவர் விரும்பவில்லையே, கொடுத்துவிடலாம் என்றார்கள் சிலர். ஒளிக்காமல் சொன்ன உமையாளுக்கே கொடுக்கலாம் என்றார்கள் வேறு சிலர். பரஞ்சோதி சாவியை எடுத்து மேசை இழுப்பறைக்குள் போட்டுப் பூட்டினார்.

பொறாமையால் உண்மை சொன்னவர் சிகாமணி. கிடைக்காது என்று தெரிந்தே உண்மை சொன்னவர் உமையாள். இருவருக்கும் இல்லை என்றவர் பரஞ்சோதி. கேட்டவர்களே, சொல்லுங்கள்: இதில் யார் செய்தது சரி?

விடை: பரஞ்சோதி செய்ததே சரி. 'தரக் கூடாது' என்ற விதி கையெழுத்துப் போடும் நாளுக்கானதல்ல, தரும் நாளுக்கானது. அன்றைக்கு இருவருமே விரும்பினார்கள். ஆனால் இரண்டு விருப்பமும் ஒன்றல்ல. உமையாளின் ஆசை அவருடையது. அது கைகூடாத வருத்தமும் அவருடையதே. சிகாமணியோ உயிராக நினைத்த வகுப்பைக்கூட ஒரே பார்வையில் விடத் துணிந்தார். தனக்கு எது வேண்டும், எது வேண்டாம் என்பதை அவர் எப்போதும் அந்த அம்மாளின் முகத்தைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டார். மறுநாள் உமையாள் கண் சிவந்து வகுப்புக்கு வந்தார். அப்படி அழத் தனக்கு ஒன்றும் இல்லையே என்று அதற்கும் சிகாமணி பொறாமைப்பட்டார்.